நாற்பத்தொரு பேரும் ஒரு நாயும்

எங்கள் சேந்தம் பண்பலைக்கு இருபத்தைந்து வயது ஆகிறதாம், வெள்ளிவிழா மலர் போடுகிறார்களாம், நிலையத்தின் வரலாற்றை நான்தான் எழுதித் தரவேண்டுமாம். எழுதிக் கொடுத்தேன். மலர்க்குழுவில் இருக்கிற பிள்ளைகள் கோபுரத்தின் உயரத்தையும் திறப்பு விழாவுக்கு வந்தவர்களின் வரிசையையும் மட்டும் வைத்துக்கொண்டு, மற்றதையெல்லாம் சிவப்பு மையால் அடித்து, "மேடம், இதெல்லாம் மலருக்குச் சரிவராது, நேயர்கள் சிரிப்பாங்க" என்று திருப்பித் தந்தார்கள். சிரிப்பார்களாமே! இந்தச் சேந்தம்பட்டினத்தில் முப்பது வயதைத் தாண்டிய யாரை வேண்டுமானாலும் நிறுத்திக் கேளுங்கள், கொற்றமுனைக் கார்டு என்றால் சிரிக்கிறானா, மடித்துக் கட்டின வேட்டியை இறக்கிவிட்டுக்கொண்டு நிற்கிறானா என்று பார்ப்போம். அவர்கள் அடித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

என் பெயர் பேச்சியம்மாள். ரேடியோவில் நிலா. அந்தப் பெயரை வைத்தவர் முதலாளி சொர்ணலிங்கம் அண்ணாச்சி, உப்பளத்தில் சம்பாதித்து, பாட்டு மேல் இருந்த கிறுக்கில் எஃப்.எம். தொடங்கிய மனிதர். எனக்குப் பெயர் மாற்றினாரே தவிர, நேயர்களின் பெயரில் ஒரு புள்ளி குறைந்தாலும் பொறுக்கமாட்டார். அதற்குக் காரணம் உண்டு. எங்கள் பக்கத்தில் கல்யாணப் பத்திரிகையில் ஒரு பெயர் விட்டுப்போனால் அது அச்சுப்பிழை இல்லை, வெட்டுப்பகை; அண்ணாச்சியின் மகள் கல்யாணத்தில் அவருடைய சித்தப்பா பெயர் விட்டுப்போய், அந்தச் சித்தப்பா பதினாறு வருஷம் இவர் வீட்டுத் திசையில் தலைவைத்துப் படுக்காமல் இருந்து, கடைசியில் தன் பாடையைக்கூட இவர் தொடக்கூடாது என்று சொல்லிவிட்டுச் செத்தார். அந்தச் சூட்டில் அண்ணாச்சி முதல் நாளே எங்களை வரிசையாக நிற்கவைத்துச் சொன்னார்: "கேட்டுக்கோங்கம்மா. பாட்டு பாதியில அறுந்தாலும் பரவாயில்ல, விளம்பரம் போனாலும் பரவாயில்ல. நேயர் குடுத்த பேரு ஒண்ணுகூட விடக்கூடாது, ஒண்ணுகூடச் சேக்கவும் கூடாது." முதல் பாதியை எல்லோரும் கெட்டியாகப் பிடித்துக்கொண்டோம். இரண்டாம் பாதியை நான் மறந்தேன்.

காலை பதினோரு மணிக்கு நேயர் விருப்பம். எல்லாம் தொலைபேசிதான், கார்டு எழுதுகிற காலம் அப்போதே போய்விட்டது. கூப்பிடுகிறவர் தன் பெயர், பெண்டாட்டி பெயர், பிள்ளைகள், கொழுந்தியாள், எதிர்வீட்டு டீச்சர் என்று ஒப்பிப்பார். நான் ஒன்றுவிடாமல் திருப்பிச் சொல்லிப் பாட்டைப் போடுவேன். இங்கே ஒரு ரகசியம் சொல்கிறேன், அறிவிப்பாளர்கள் பாட்டுக் கேட்பதே கிடையாது. பாட்டு தொடங்கியதும் மைக்கை அணைத்து, ஹெட்ஃபோனைக் கழற்றிப் போட்டுவிட்டு டீயும் ஊர்வம்புமாக உட்கார்ந்துவிடுவோம். நிலையத்திலேயே பாட்டை முழுசாகக் கேட்ட ஒரே ஆள், டீ போட்டு, தரை கூட்டி, வாசலில் தபால் வாங்கி வைக்கிற பிரகாசியக்காதான். கையில் விளக்குமாறு இருந்தால் விளக்குமாற்றோடு, டம்ளர் இருந்தால் டம்ளரோடு, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் ஸ்பீக்கருக்குக் கீழே நின்று, கடைசிச் சத்தம் ஓய்கிறவரை அசையமாட்டாள்.

அவள் கொற்றமுனைக்காரி. கொற்றமுனை என்று ஒரு ஊர் இருந்தது; சேந்தம்பட்டினத்துக்குத் தெற்கே கடலுக்குள் நாக்கு நீட்டின மாதிரி ஒரு மணல்திட்டு, அதில் பதினோரு வீடு, சிலுவை நட்ட ஒரு குருசடி, ஒரு வீட்டின் முன்னறையில் தபாலாபீஸ். நிலையம் தொடங்குவதற்குப் பதினோரு வருஷம் முந்தி ஒரு கார்த்திகையில் புயலடித்து, ஒரே இரவில் கடல் அதை எடுத்துக்கொண்டது. நாற்பத்தொரு பேர். முதல் நாள் கருவாடு விற்கப் பட்டினத்துக்கு வந்து, கடைசி பஸ்ஸைத் தவறவிட்டு, மாதா கோயில் மண்டபத்தில் படுத்துக்கிடந்த பிரகாசியக்கா மட்டும் மிச்சம். புருஷன் கயித்தானும் மூன்று வயது மகள் சலேத்தும் அந்த நாற்பத்தொன்றில் இரண்டு.

நிலையம் தொடங்கிய மூன்றாம் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, தபால்காரர் நயினார் ஒரு அஞ்சலட்டையை இரண்டு விரலால் பிடித்துத் தண்ணீர் சொட்டச் சொட்டக் கொண்டுவந்தார். கொற்றமுனைத் தபாலாபீஸ் முத்திரை, முந்தின நாள் தேதி. பொடி எழுத்தில் நாற்பத்தொரு பெயர்கள், அதற்குக் கீழே ராஜு, அடைப்புக்குள் நாய். அதற்கும் கீழே ஒரு பழைய படகுப் பாட்டு வேண்டும் என்று ஒரு வரி. "ஸ்டாம்ப் இருக்கு, சீல் இருக்கு, விலாசம் சரியா இருக்கு" என்றார் நயினார். "கொண்டாந்து குடுக்கதுதான் என் சோலி. எங்கேருந்து வருதுன்னு நோண்டுதது என் சோலி இல்ல." கார்டை அண்ணாச்சியிடம் காட்டினேன். அவர் முகர்ந்து பார்த்தார், திருப்பிப் பார்த்தார், துணிக்கிளிப் போட்டு ஜன்னல் கம்பியில் காயவைத்தார். "பேரு இருக்குல்லா? வாசி" என்றார்.

வாசித்தேன். நாற்பத்தொரு பேரையும் நாயையும் வாசிக்க இரண்டரை நிமிஷம் பிடித்தது. அடுத்த செவ்வாயும் கார்டு வந்தது, அதற்கடுத்த செவ்வாயும் வந்தது, அதே பெயர்கள், அதே பாட்டு. மழைக்காலத்தில் பாசி ஒட்டி வந்தது, வெயில்காலத்தில் உப்புப் பொரிந்து வந்தது, ஒரு தடவை ஓரத்தில் ஒரு குட்டி நண்டு பிடித்துக்கொண்டே வந்தது.

ஊர் என்ன செய்யும்? இரண்டு வாரம் வாயைப் பிளந்தது, மூன்றாம் வாரம் பழகிக்கொண்டது. செவ்வாய் பதினோரு மணிக்குச் சந்தை ஏலக்காரர் மீன்கூடை மேல் கையை வைத்தபடி ஏலத்தை நிறுத்துவார், சலூனில் கத்தி பாதிக் கன்னத்தில் நிற்கும், பதினொன்றாம் நம்பர் பஸ் எங்கே இருந்தாலும் ஓரங்கட்டி நின்று, நாயின் பெயர் வாசித்த பிறகுதான் விசில் கேட்கும். பங்குச் சாமியார் யோசித்து யோசித்து, திருச்சபைச் சட்டத்தில் வானொலியைப் பற்றி ஒன்றும் இல்லை என்று பிரசங்கத்தில் சொல்லிவிட்டு, தானும் ஒரு சின்ன ரேடியோ வாங்கினார். ஒரு ஜவுளிக்கடை, இந்த இரண்டரை நிமிஷத்தைத் தங்கள் பெயரில் வழங்கலாமா என்று ஆள் அனுப்பியது. அண்ணாச்சி அந்த ஆளை வாசல்வரை துரத்திக்கொண்டு போனார்.

செத்தவர்களுக்குப் பட்டினத்தில் சொந்தக்காரர்கள் இல்லாமலா? அவர்கள் நிலையத்து வேப்பமரத்தடியில் தூக்குச்சட்டியோடு வந்து உட்காருவார்கள். முதலில் அழுதார்கள். பிறகு சண்டை போட்டார்கள். "எங்க மாமா வயசுல மூத்தவரு, அவரு பேரு எப்படி ஏழாவதா வரலாம்?" என்று ஒரு கூட்டம் கையெழுத்துப் போட்டு மனுக் கொடுத்தது. உயிரோடு இருக்கிற நேயர்களோ, "செத்தவாளுக்கே நேரம் சரியாப் போவுதே, நாங்க எப்பம் பாட்டு கேக்க? அதுவும் வாரா வாரம் ஒரே பாட்டு! போனவாரம் போட்டாச்சுன்னு அவங்களுக்குத் தெரியாதா?" என்று போனில் எரிந்து விழுந்தார்கள். அந்தக் கேள்வியை அப்போதே உட்கார்ந்து யோசித்திருந்தால் எனக்குப் புத்தி வந்திருக்கும். நான்தான் டீ குடித்துக்கொண்டிருந்தேனே.

எழுத்து கயித்தானுடையது. அந்த ஊரில் சரளமாக எழுதத் தெரிந்தவன் அவன் ஒருத்தன், எல்லார் கடிதமும் அவன் எழுதினதுதான். பிரகாசியக்கா முதல் கார்டைப் பார்த்ததுமே தெரிந்துகொண்டாள். தன் பெயர் அதில் இல்லை என்பதையும் பார்த்தாள். செத்தவர்களோடு உயிரோடிருப்பவள் பெயர் எதற்கு என்று நான் நினைத்தேன், ஆனால் ஊர் அப்படி நினைக்கவில்லை. பத்திரிகையில் பெயர் இல்லாவிட்டால் என்ன அர்த்தம் என்று எங்கள் ஊருக்குப் பாலோடு சேர்த்துப் புகட்டியிருக்கிறார்களே! வேப்பமரத்தடியில் பேச்சு ஓடியது. நாய் பேரைப் போட்டிருக்கான், பெண்டாட்டி பேரைப் போடலையே, என்னமோ நடந்திருக்கு, நெருப்பில்லாமப் புகையுமா? பிரகாசியக்கா அவர்களுக்கே டீ கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வருவாள். செவ்வாய்தோறும் நான் பெயர்களை வாசிக்கும்போது கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நின்று, கயித்தான், சலேத் என்று இரண்டும் வந்ததும், அடுத்து ஒரு பெயருக்காக என் வாயையே பார்ப்பாள். அந்தப் பார்வையைத் தாண்டி அடுத்த வீட்டுப் பெயருக்குப் போவதற்குள் எனக்கு உயிர் போய்விடும்.

இரண்டு வருஷம் இப்படிப் போனது. ஒரு திங்கட்கிழமை, சமையலறையில் டம்ளர் கழுவிக்கொண்டே சொன்னாள்.

"ஏளா பேச்சி, அவரு என் பேரை ஏன் எழுதலன்னு எனக்குத் தெரியும்."

"ஏன்க்கா?"

"எங்க ஊருக்கே எங்க வீட்டுல மட்டுந்தான் ரேடியோ. அன்னிக்கு விடியக்கருக்கல்ல கிளம்பும்போது டார்ச்சு எரியல. ரேடியோவுல கெடந்த பேட்டரியக் கழத்தி டார்ச்சுல போட்டுக்கிட்டு வந்துட்டேன். வேண்டாம்டி, வானிலை கேக்கணும்னு கத்துனாரு. ஒருநா கேக்கலன்னா ஊரா முங்கிரும்னு சொல்லிட்டு வந்தேன்ளா." டம்ளரைக் கவிழ்த்து வைத்தாள். "முங்கிட்டு."

பதின்மூன்று வருஷம் இதை வயிற்றுக்குள் வைத்துக்கொண்டுதான் அவள் எங்களுக்கு டீ போட்டிருக்கிறாள். பாவி, ரேடியோ நிலையத்துக்கே வேலைக்கு வந்து சேர்ந்திருக்கிறாள். மறுநாள் கார்டு வந்தது, வாசிக்க உட்கார்ந்தேன், கயித்தான் என்றேன், சலேத் என்றேன், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள் கண்ணைப் பார்த்தேன், கார்டில் இல்லாத பெயரைக் கார்டில் இருப்பது போலவே குரல் மாறாமல் வாசித்தேன்: பிரகாசி.

அவள் கையிலிருந்த டம்ளர் விழுந்தது. வேப்பமரத்தடியில் பொம்பளைகள் குலவை போட்டார்கள். சந்தையில் ஏலக்காரர் அன்றைக்கு ஒரு கூடை மீனை ஏலம் விடாமல் அவள் வீட்டுக்கு அனுப்பினார். அவள் சிரித்தாள், பதின்மூன்று வருஷத்தில் முதல் தடவை பல் தெரியச் சிரித்தாள், நானும் புண்ணியம் செய்துவிட்ட மிதப்பில் இருந்தேன்.

புதன்கிழமை டீ கரித்தது. சர்க்கரைக்குப் பதில் உப்பைப் போட்டுவிட்டாள் என்று கேலி செய்தோம். வியாழக்கிழமை அவள் நடந்த இடமெல்லாம் ஈரமாக இருந்தது, துடைக்கத் துடைக்க மணல் வந்தது. வெள்ளிக்கிழமை கடைக்காரர் அவளைத் தாண்டி அவளுக்குப் பின்னால் நின்றவரிடம் "என்ன வேணும்?" என்றாராம். சனிக்கிழமை ஸ்டுடியோவைக் கூட்டிக்கொண்டே என்னிடம் ஏதோ சொன்னாள், என் காதில் விழுந்தது, ஆனால் மைக் திறந்திருந்தும் சத்தத்தை அளந்து காட்டுகிற மீட்டரில் முள் அசையவில்லை. இருமினேன், முள் துள்ளியது. "அக்கா, இன்னொருக்க பேசு" என்றேன். பேசினாள். முள் செத்துக் கிடந்தது.

"அக்கா, உனக்கு என்னமோ ஆகுது. நாம டாக்டர்ட்ட போவோம்."

"எனக்கு ஒண்ணும் இல்லளா. நல்லாருக்கேன்." முகம் கல்யாணப்பெண் முகம் மாதிரி இருந்தது. "பிள்ள கூப்பிடுது. ரெண்டு நாளாக் கேக்கு. அம்மா அம்மான்னு கிட்டத்துல கேக்கு."

அன்றைக்குத்தான் அண்ணாச்சியிடம் போய், இல்லாத பெயரைச் சேர்த்ததைச் சொன்னேன். அவர் என்னைத் திட்டவில்லை. தலையில் கைவைத்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். அது திட்டைவிட மோசமாக இருந்தது.

செவ்வாய்க்கிழமைக்குக் காத்திருக்காமல் திங்கட்கிழமை காலையிலேயே நயினார் சைக்கிளை வாசலில் போட்டுவிட்டு ஓடிவந்தார். கார்டில் பெயர்கள் இல்லை. கயித்தானின் எழுத்து கோணல்மாணலாக ஓடியிருந்தது. அண்ணாச்சியும் நானும் தலையோடு தலை முட்டப் படித்தோம்.

"அறிவிப்பாளர் நிலா அவர்களுக்கு. போன வாரம் எங்கள் பேரோடு பிரகாசி பேரையும் வாசித்திருக்கிறீர்கள். எங்களுக்கு எப்படித் தெரியும் என்றால், அவள் இங்கே வந்துகொண்டிருக்கிறாள். முழங்கால் வரைக்கும் வந்துவிட்டாள், பிள்ளை அவள் காலைக் கட்டிக்கொண்டு விடமாட்டேன் என்கிறது. நாங்கள் எழுதத்தான் முடியும், பாட்டு எங்கள் காதில் விழாது, போட்டீர்களா இல்லையா என்றும் தெரியாது, அதனால்தான் வாராவாரம் எழுதுகிறோம். அந்தப் பாட்டு அவளுக்கு. கல்யாணப் பத்திரிகையில் அழைக்கிறவர்கள் பேர்தான் உள்ளே இருக்கும், யாருக்குக் கொடுக்கிறோமோ அவர்கள் பேர் கவர் மேல். கார்டுக்குக் கவர் இல்லை, அதனால் எழுத இடமில்லை. பேட்டரி விசயம் அவள் மனசில் கிடக்கும். காற்று சாயங்காலமே ஏரியலை முறித்துப் போட்டுவிட்டது, பேட்டரி இருந்திருந்தாலும் ஒன்றும் கேட்டிருக்காது என்று சொல்லவும். கழுத்துவரை வருவதற்குள் திருத்தம் வாசிக்கவும்."

மணி பத்தே முக்கால். அண்ணாச்சி, "போ, போய் வாசி" என்றார். நான் எழுந்தேன், ஸ்டுடியோக் கதவருகே நின்றுவிட்டேன். அவளைக் கேட்காமல் ஒரு தடவை அவள் பெயரைச் சேர்த்தேன், இப்போது அவளைக் கேட்காமல் எடுப்பேனா? அவள் காலைக் கட்டிக்கொண்டு நிற்கிறது பதின்மூன்று வருஷமாக அவள் தொடாத பிள்ளை. அதன் கையைப் பிரித்துவிட நான் யார்?

ஸ்டுடியோவில் பிரகாசியக்கா கண்ணாடி துடைத்துக்கொண்டிருந்தாள். துடைக்கிற துணி தெரிந்தது, கை எங்கே முடிகிறது என்று தெரியவில்லை. கார்டை நீட்டினேன். அவள் எழுத்துக்கூட்டி, உதடு அசைய, மெதுவாகப் படித்தாள். பேட்டரி என்ற இடத்தில் நின்றுவிட்டாள். அந்த வரியைத் திரும்பத் திரும்ப விரலால் தடவினாள். பிறகு மேலே போனாள், பிள்ளை என்ற இடத்துக்கு, அங்கேயும் நின்றாள்.

"நீ இத வாசிக்காத பேச்சி" என்றாள். "கும்பிட்டுக் கேக்கேன். இன்னும் கொஞ்சந்தான்ளா, போயிருதேன்."

"நான் வாசிக்கல. வாசிக்கதா இருந்தா நீ வாசி. இல்லன்னா கிழிச்சுப் போடு. இனிமே உன் பேர நான் தொடமாட்டேன்க்கா, சத்தியமா."

அவளை என் நாற்காலியில் உட்காரவைத்து, பதினோரு மணிக்கு மைக்கைத் திறந்துவிட்டு, சுவரோரம் போய் நின்றேன். அவள் கார்டை வைத்துக்கொண்டு பேச ஆரம்பித்தாள். கார்டில் இல்லாத பெயர்களை, மனசில் இருந்த பெயர்களை, முதல் வீட்டிலிருந்து ஒவ்வொன்றாகச் சொன்னாள், எனக்குக் கேட்டது, முள் அசையவில்லை. ஊர் முழுக்க ரேடியோவில் வெறும் இரைச்சல், மழை பெய்கிற மாதிரி. இருக்கிற கடைகளிலெல்லாம் ரேடியோவைத் தட்டிப் பார்த்தார்களாம். அவள் கயித்தான் என்றாள். சலேத் என்றாள். சலேத் என்று இன்னொரு தடவை சொன்னாள். குனிந்து, மேசைக்குக் கீழே, தன் முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அங்கே ஏதோ ஒன்றைக் கையால் மெல்லத் தடவிக்கொடுத்து, ஒவ்வொரு விரலாகப் பிரிக்கிற மாதிரி பிரித்தாள். நான் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டேன்.

"திருத்தம்" என்றாள்.

நான் திரும்பினேன். முள் துள்ளி நின்றது.

"போன வாரம் வாசிச்ச பேர்ல பிரகாசி பேரு கிடையாது. பிரகாசி இங்கதான் இருக்கா. கேட்டுக்கிட்டு இருக்கா." மூக்கை உறிஞ்சினாள், ஊர் முழுக்க அந்த உறிஞ்சல் கேட்டது. "ஏளா, நிக்கியே, பாட்டப் போடு."

அதற்குப் பிறகு இருபத்திரண்டு வருஷம் செவ்வாய் தவறாமல் கார்டு வந்தது, ஒரு செவ்வாய் தவறாமல் அவள் ஸ்பீக்கருக்குக் கீழே நின்றாள். வேப்பமரத்தடிக் கூட்டம் ஒவ்வொருத்தராகக் குறைந்தது. அண்ணாச்சி போனார், நயினார் ஓய்வுபெற்றார், நேயர் விருப்பத்தைக் கம்ப்யூட்டர் பார்த்துக்கொள்கிறது, செவ்வாய் பதினோரு மணியை மட்டும் நான் சண்டை போட்டு வைத்திருக்கிறேன். போன மாசி மாதம் பிரகாசியக்கா தூக்கத்தில் போய்ச் சேர்ந்தாள். அத்தோடு கார்டு நின்றது. கேட்க ஆள் இல்லை, இனி யாருக்கு எழுதப்போகிறார்கள் என்று நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன், செவ்வாய்தோறும் வாசலை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இன்றைக்குச் செவ்வாய். மலர்க்குழுப் பிள்ளைகள் திருப்பித் தந்த தாள்களோடு உட்கார்ந்திருக்கிறபோது புதுத் தபால்காரர் வந்து, "என்ன மேடம், இது மட்டும் நனைஞ்சிருக்கு" என்று சொல்லிக் கார்டை வைத்துவிட்டுப் போனார். நாற்பத்திரண்டு பேர், ஒரு நாய். கயித்தானுக்கும் சலேத்துக்கும் அடுத்து பிரகாசி, கயித்தானின் எழுத்தில், ஊர் ஆசைப்பட்ட அதே இடத்தில். கார்டைத் திருப்பினேன். விலாசப் பக்கத்தில் நிலையத்தின் பெயர் இருந்தது, அதற்கு மேலே இருந்த துளி இடத்தில், எழுத்துக்கூட்டி எழுதுகிறவளின் பெரிய பெரிய எழுத்தில் இரண்டு சொல். பெறுநர்: பேச்சி.

பதினோரு மணிக்கு நாற்பத்திரண்டு பேரையும் நாயையும் வாசித்தேன். பாட்டைப் போட்டேன். டீ வந்தது, வேண்டாம் என்று சொல்லிவிட்டு, ஹெட்ஃபோனைக் கழற்றாமல் எழுந்து நின்று, கடைசிச் சத்தம் ஓய்கிறவரை கேட்டேன்.